பாதுகாப்பு வாரமும் சீர்க்கூடையும்

சேலம் மோட்டார் ஸ்டாண்டில் மண்டை உடைவது அந்த வருஷம் யாருக்கும் செய்தியாகவே படவில்லை. தம்மம்பட்டிக்கு ஓடிய வண்டிகள் இரண்டு. ஒன்றின் விலாவில் மயில் படம் எழுதியிருந்தது, இன்னொன்றில் சேவல். படித்தவர்களும் படிக்காதவர்களும் மயில் வண்டி, சேவல் வண்டி என்றே சொன்னார்கள். மயிலும் சேவலும் முருகப்பெருமானிடத்தில் எத்தனையோ யுகமாகச் சண்டையின்றி வாழ்கின்றன. ஒன்று சுமக்கிறது, ஒன்று கொடியில் கூவுகிறது. சேலத்தில் மட்டும் ஒன்றையொன்று கண்டால் கல்லெடுத்தன.

கல்லெடுத்தவர்கள் அந்த வண்டிகளுக்கு ஆள் பிடித்துக் கொடுக்கும் வாலிபர்கள். மூட்டையைப் பிடித்தால் மூட்டைக்காரன் தானாக வருவான் என்பது அவர்கள் தொழிலின் முதல் பாடம். ஒரே மூட்டையின் இரண்டு முனைகளை இரண்டு பேர் பிடித்துவிட்டால் அதற்கு மேல் பாடம் கிடையாது. கைதான். சேவல் வண்டிக் கூட்டத்துக்குச் சடையன் தலைவன், மயில் வண்டிக் கூட்டத்துக்குத் தீர்த்தகிரி. தீர்த்தகிரியின் இடது காது மடல் கிழிந்திருந்தது, கிழித்தவன் சடையன். சடையனுக்கு முன்பல் ஒன்று இல்லை. அது போன வழி தீர்த்தகிரிக்குத் தெரியும்.

பயணிகளின் மண்டைகள் உடைந்துகொண்டிருந்த வரையில் ஊர்ப் பெரிய மனிதர்கள் பொறுமையாகத்தான் இருந்தார்கள். ஒரு நாள் செவ்வாய்ப்பேட்டை மண்டிக்காரர் சரவணமுத்து அவர்களின் குடை உடைந்தது. வெள்ளிப் பிடி போட்ட குடை. மறுநாளே 'பொதுஜன பாதுகாப்புச் சபை' பிறந்தது. சரவணமுத்து அதற்குத் தலைவரானார். உடைந்த குடையைச் சபை அலுவலகத்தில் கண்ணாடிப் பெட்டிக்குள் வைத்து மாலை போட்டார்கள்.

சபை மூன்று மாதம் கூடிக் கூடிப் பேசி, ஒரு பாதுகாப்பு வாரம் கொண்டாடுவது என்று முடிவு செய்தது. அந்த வாரத்தின் முதல் நாள் காலையில்தான் நாச்சிமுத்து தலையில் ஒரு கூடையுடன் ஸ்டாண்டுக்குள் நுழைந்தார்.

நாச்சிமுத்து திருச்செங்கோட்டுப் பக்கத்துக் குடியானவர். தம்மம்பட்டியில் வாழ்க்கைப்பட்ட தங்கை வள்ளியாத்தாளின் பெண் சௌந்திரத்துக்கு அன்று காது குத்து. பிள்ளையைத் தாய்மாமன் மடியில் உட்கார வைத்துத்தான் காது குத்த வேண்டும். மூத்த பிள்ளைக்குக் குத்தியபோது, ஒரு காளைமாட்டுத் தகராறில் முறைத்துக்கொண்டு நாச்சிமுத்து போகாமல் இருந்துவிட்டார். அன்றைக்கு யாரோ பங்காளி மடி கொடுத்தான். இந்தத் தடவை வள்ளியாத்தாள் சொல்லியனுப்பியிருந்தாள்: "பொழுது எறங்கறதுக்குள்ள எங்கண்ணன் வந்தாச் சரி. வரலைன்னா, எனக்குக் கூடப்பொறந்தவனே இல்லைன்னு நெனைச்சுக்கறேன்."

அந்தச் சொல் நாச்சிமுத்துவின் நெஞ்சில் முள்ளாய்க் கிடந்தது. செவ்வாய்ப்பேட்டையில் பட்டுப் பாவாடையும் பொன் தோடும் வாங்கினார். தேங்காய், பழம், வெல்லம், பூவெல்லாம் கூடையில் அடுக்கி, மஞ்சள் துணி போட்டு மூடி, மாரியம்மன் சந்நிதியில் வைத்துக் கும்பிட்டுத் தலையில் ஏற்றினார். அவர்கள் குடும்பத்தில் ஒரு வழக்கம் உண்டு. சாமி முன்னால் தூக்கிய சீர்க்கூடை, பிள்ளையின் முன்னால்தான் இறங்க வேண்டும். வழியில் தரையில் வைக்கக் கூடாது.

"வாங்க மாமா, தம்மம்பட்டி! ஏறுங்க, இதோ எடுக்குது வண்டி!" என்று சடையன் வலக்கையைப் பிடித்தான்.

"அது ஓட்டை வண்டி மாமா, மல்லூர் தாண்டாது. இப்படி வாங்க!" என்று தீர்த்தகிரி தோள் துண்டைப் பிடித்தான்.

"தம்மம்பட்டிக்கு எதுக்குடா மல்லூர்? வழி தெரியாத பய வண்டியில ஏறாதீங்க மாமா!"

"எந்த வண்டின்னாலும் சரி சாமி, கூடை பத்திரம்" என்றார் நாச்சிமுத்து. அதற்குள் கல் பறந்துவிட்டது. உடனே ஒரு விசிலும் ஊதியது. சபையின் சேவகன் மாரி ஓடி வந்து, அடித்துக்கொண்ட இருவரையும் விட்டுவிட்டு, நடுவில் நின்ற நாச்சிமுத்துவைப் பிடித்துக்கொண்டு போனான்.

"என்னை ஏனுங்க புடிக்கறீங்க?"

"உங்களைப் பாதுகாக்கறோம். நடங்க."

ஸ்டாண்டின் மூலையில் மூங்கில் படல் அடித்த ஒரு கொட்டகை புதிதாக முளைத்திருந்தது. அதற்குள் முப்பது நாற்பது பயணிகள் நெருக்கிக்கொண்டு நின்றார்கள். மாரி அவரை உள்ளே தள்ளிப் படலைச் சாத்தினான். கூடை மட்டும் தலையைவிட்டு இறங்கவில்லை.

பக்கத்தில், கக்கத்தில் ஒரு கோழியோடு ஆத்தூர்க்காரப் பெருமாயி நின்றிருந்தாள். "நீயும் வந்தியா? நான் விடிஞ்சதிலேருந்து நிக்கறேன். பாதுகாப்புன்னா என்னாங்கன்னு கேட்டேன், படலைச் சாத்திட்டாங்க. இந்தக் கோழி இங்கேயே முட்டையும் வெச்சிடுச்சு. முட்டைக்குத் தனிக் கொட்டகையான்னு விசாரிக்கணும்."

"எப்பத் தொறப்பாங்க ஆயா?"

மாரி படலுக்கு வெளியிலிருந்து விதியை ஒப்பித்தான். மயில் வண்டியார் ஒருவரும் சேவல் வண்டியார் ஒருவரும் சேர்ந்து வந்து, 'வெளியே பயமில்லை' என்று ஒரே வாயாகச் சொன்னால் படல் திறக்கும். ஆளுக்கொரு பக்கமாகச் சொன்னால் செல்லாது.

"அவங்க ரெண்டு பேரும் எப்பவாச்சும் ஒண்ணாச் சேர்ந்து எதையாவது சொல்லியிருக்காங்களா?"

"இல்லை. அதனாலதான் இதுவரைக்கும் ஒருத்தருக்கும் வெளியில ஆபத்து வரலை" என்றான் மாரி பெருமையாக.

ஆள் நிறையாமல் வண்டி புறப்படாது. ஆட்களெல்லாம் கொட்டகைக்குள் இருந்தார்கள். வெளியே பிடிக்க ஆளில்லாமல் இரண்டு கூட்டமும் கிடைத்தவர்களுக்காக அடித்துக்கொண்டன. தண்ணீர் குடிக்க வந்த ஒரு தபால்காரரை இரண்டு வண்டியிலும் ஒவ்வொரு தடவை ஏற்றி இறக்கினார்கள். தம் பையைக் கட்டிப்பிடித்துக்கொண்டு அவர் தாமே ஓடி வந்து, தம்மையும் உள்ளே அடைக்கும்படி மாரியைக் கெஞ்சினார். சபையின் வெற்றிகளில் அதுவும் ஒன்றாகச் சேர்ந்தது.

வெயில் ஏறியதும், ஸ்டாண்டின் நடுவில் போட்டிருந்த விழா மேடையில் சபைத் தலைவர் சரவணமுத்து எழுந்தார்.

"மகாஜனங்களே! இந்த ஸ்டாண்டில் கலகம் ஏன் உண்டாகிறது என்று எங்கள் சபை மூன்று மாத காலம் ஆராய்ந்தது. பயணிகளுக்காகத்தான் கலகம் உண்டாகிறது என்று கண்டோம். பயணிகளே இல்லாத ஒரு ஸ்டாண்டில் யாராவது சண்டையிட்டுப் பார்த்ததுண்டா? ஆகவே, பயணிகளை அப்புறப்படுத்தினோம். இது முதற்படி. இரண்டாவது, நமது வாலிபர்கள் ஏன் கல்லெடுக்கிறார்கள்? கையில் வேறொன்றும் இல்லாமையால். ஆகவே அவர்கள் எல்லோரையும் பாதுகாப்புத் தொண்டர்களாக நியமித்து, ஆளுக்கொரு பித்தளை வில்லையும் ஒரு மூங்கில் தடியும் வழங்குகிறோம். இனி இங்கே ஒரு கல்லும் பறக்காது!"

பலத்த கரகோஷம். வில்லைகள் குத்தப்பட்டன, தடிகள் வழங்கப்பட்டன. தலைவர் சொன்னது பலித்தது. அதன் பிறகு ஒரு கல்கூடப் பறக்கவில்லை. தடிகள்தாம் பறந்தன. முன்பு ரௌடிகள் பயணிகளை அடித்தார்கள், இப்போது தொண்டர்கள் தொண்டர்களை அடித்தார்கள். இதைச் சபையார் ஒழுங்கு என்று குறித்துக்கொண்டார்கள்.

நாச்சிமுத்து பொழுதைப் பார்த்தார். உச்சிக்கு இன்னும் கொஞ்சம்தான் இருந்தது. கழுத்து மரத்துவிட்டது. "ஏனுங்க, எந் தங்கச்சி அங்க வாசலப் பாத்துட்டு நிப்பாளுங்க. என்ன மட்டுமாச்சும் உடுங்க. அடிபட்டாலும் பரவாயில்லீங்க."

"அடிபட்டா உங்களுக்குப் பரவாயில்லை. சபைக்கு?" என்ற மாரி, அப்போதுதான் கூடையைக் கவனித்தான். "ஆமா, இதைச் சோதனை போடலையே? ஆயுதம் கீயுதம் இருக்கக் கூடாது. கீழ வைங்க."

"கீழ வெக்கக் கூடாதுங்க."

"ஏன்?"

"வெச்சா ஆகாதுங்க."

"ஆகாதுன்னா? என்ன ஆகும்?"

"கெட்டது நடக்குமுங்க" என்றார் நாச்சிமுத்து உள்ளபடியே.

மாரி இரண்டடி பின்னால் வைத்தான். பிறகு மேடையை நோக்கி ஓடினான். சற்று நேரத்தில் தலைவர் வந்தார், படலுக்குப் பத்தடி தள்ளி. அவரும் சேலத்துக்காரர்தாம். அவர் காதிலும் சின்ன வயதில் குத்திய துளை இருந்தது. அந்தத் துளைக்கும் ஒரு மாமன் இப்படி ஒரு கூடையைச் சுமந்து வந்திருப்பார். ஆனால் அன்று அவர் சபைத் தலைவராக இருந்தார். தரையில் வைத்தால் கெட்டது நடக்கும் கூடை என்றதும் அவருக்கு ஒரே ஒரு பொருள்தான் தோன்றியது.

"வெடிகுண்டு!" என்றார்.

சபையார் மேடைக்கு அடியில் போனார்கள். செயலாளர் ஒருவர் சேவல் வண்டிக்கு அடியில் போய், அங்கிருந்து "கூடையை உடனே இறக்கு!" என்று கத்தினார். மேடையின் கீழிருந்து தலைவர், "இறக்காதே! எக்காரணத்தை முன்னிட்டும் இறக்காதே!" என்று கத்தினார். கொட்டகைக்குள் இருந்தவர்கள் நாச்சிமுத்துவைச் சுற்றி இடம் விட்டு ஒதுங்கினார்கள். பெருமாயி மட்டும் நகரவில்லை.

"குண்டா அது? வெல்ல வாசம் அடிக்குது" என்றாள். "சீர்தானேய்யா? தொறந்து காட்டிடேன்."

"தொறக்கறதுக்கு ரெண்டு கையும் வேணுமே ஆயா. செத்த நேரம் ஆராச்சும் புடிச்சுட்டாத் தொறந்து காட்டிருவேன். நீ புடிக்கறியா?"

"கோழியை எங்க விட? விட்டா ஒரே ஓட்டந்தான்."

சபையாரில் யாரும் வர மாட்டார்கள் என்பது தெரிந்தது. படலின் இடுக்கு வழியே நாச்சிமுத்து வெளியே பார்த்தார். குண்டு என்ற கூச்சல் எதுவும் காதில் விழாமல், சடையனும் தீர்த்தகிரியும் பித்தளை வில்லைகள் பளபளக்கத் தடியால் அடித்துக்கொண்டிருந்தார்கள். இருவருக்கும் பதினெட்டு, பத்தொன்பது வயதுதான் இருக்கும். சட்டை கிழிந்து, புழுதி அப்பி, அம்மா தேடாத பிள்ளைகளைப் போல இருந்தார்கள்.

"சாமி!" என்று கூப்பிட்டார். "ஏஞ் சாமி, இங்க வா. இந்தக் கூடைய ஒரு கை புடி. கழுத்து ஒடியுது."

சடையன் திரும்பினான். அவனை அதுவரை எல்லாரும் 'டேய்' என்றிருக்கிறார்கள், 'பிடி அவனை' என்றிருக்கிறார்கள், அன்று காலை முதல் 'தொண்டரே' என்றும் ஒருவர் சொல்லியிருந்தார். சாமி என்று யாரும் சொன்னதில்லை. ஒரு பொருளைத் தன் கையில் நம்பிக் கொடுக்கப்போகிறார்கள் என்பதும் அவனுக்குப் புதிது. இதுவரை பிடுங்கித்தான் வாங்கியிருக்கிறான். தடியைக் கீழே போட்டான். படலுக்கு மேலாக இரண்டு கையையும் நீட்டிக் கூடையை வாங்கினான்.

"தரையில பட்டுராத சாமி. அம்மன் முன்னால தூக்குனது."

கூடை கனத்தது. தேங்காயே ஒன்பதோ பத்தோ இருந்தது. சடையன் காலை அகட்டி ஊன்றிக்கொண்டான். "டேய் தீர்த்தகிரி, பார்த்துக்கிட்டு நிக்கறியே, அந்தப் பக்கம் பிடிடா! விழுந்தா உன்னாலதான்!"

தீர்த்தகிரி தடியை ஓங்கியபடியே ஒரு கணம் நின்றான். கூடை சாய்ந்தது. தடியைப் போட்டுவிட்டு ஓடி வந்து மறுபுறம் பிடித்தான். தொழில் கற்ற நாளிலிருந்து அவர்கள் ஒரே மூட்டையை இரண்டு பக்கமும் பிடித்தது ஆயிரம் தடவை இருக்கும். இழுக்காமல் பிடித்தது இதுதான் முதல் தடவை.

நாச்சிமுத்து படலின் மேலே எட்டி மஞ்சள் துணியை விலக்கினார். உள்ளங்கை அகலப் பாவாடை ஒன்று, சின்னஞ்சிறு தோடு, பூ.

"காது குத்தா மாமா?" என்றான் தீர்த்தகிரி.

"ஆமா சாமி. எந் தங்கச்சி மகளுக்கு. பொழுது எறங்கறதுக்குள்ள நான் போய் மடி குடுக்கோணும். போன தரம் போகாம அவ வயித்தெரிச்சலக் கொட்டிக்கிட்டேன்."

சடையன் கூடைக்குள்ளேயே பார்த்துக்கொண்டிருந்தான். அவன் காது மூளியாக இருந்தது. "எனக்குக் குத்தலை" என்றான். "மாமன் இல்லைன்னு விட்டுட்டாங்க."

பெருமாயியின் கோழி கொக்கரித்தது.

சடையன் மேடைப் பக்கம் திரும்பி, "ஏங்க, வெளியே பயமில்லை!" என்று கத்தினான். தீர்த்தகிரியை முழங்கையால் இடித்தான். "சொல்லுடா."

"வெளியே பயமில்லை!"

"ஒரே வாயாச் சொல்லணும்" என்றது மேடைக்கு அடியிலிருந்து ஒரு குரல்.

இருவரும் ஒரே வாயாகச் சொன்னார்கள். விதி விதிதான். மாரி படலைத் திறந்தான். பயணிகள் ஆறாகப் பெருகி வந்தார்கள். தம்மம்பட்டிக்காரர்களும் ஆத்தூர்க்காரர்களும் மயில் வண்டியில் ஏறினார்கள், அது முன்னால் நின்றதால். தீர்த்தகிரி கூடையோடு ஏறினான். மறுபக்கம் பிடித்திருந்த சடையன், தன் பகையாளி வண்டியின் படியில் ஒரு காலை வைத்துத் தயங்கினான். சேவல் வண்டி முதலாளி தூரத்திலிருந்து பார்த்துக்கொண்டிருந்தார்.

"ஏறுடா, கூடை சாயுது" என்றான் தீர்த்தகிரி.

அவன் ஏறினான்.

தம்மம்பட்டிக்கு வண்டி போய்ச் சேர்ந்தபோது வெயில் மஞ்சளாகிவிட்டது. கோயில் வாசலில் ஆசாரி ஊசியை எடுத்து வைத்திருந்தார். பங்காளி ஒருவர் வேட்டியை மடித்துக்கொண்டு உட்காரப் போனார். வள்ளியாத்தாள் தெருக்கோடியையே பார்த்துக்கொண்டு, "இன்னுஞ் செத்த பொறுங்க" என்று கெஞ்சிக்கொண்டிருந்தாள். தெருமுனையில் ஒரு கூடை தெரிந்தது. அதன் இருபுறமும் முன்பின் அறியாத இரண்டு முரட்டுப் பயல்கள், பின்னால் தலைப்பாகை அவிழ்ந்து ஓடி வரும் அண்ணன்.

"வந்துட்டியாண்ணா!" என்றாள். கூடை சௌந்திரத்தின் முன்னால் இறங்கியது. பிள்ளை மாமன் மடியில் உட்கார்ந்து, குத்தும் முன்பே வீறிட்டு, குத்திய பிறகு வெல்லத்தைக் கண்டு நிறுத்திவிட்டாள்.

நாச்சிமுத்து மடியை உதறவில்லை. "சாமி, நீயும் வா" என்றார்.

சடையன் பின்வாங்கினான். "நானா? நான் ஏழு கழுதை வயசு..."

"மடியில கொள்ள மாட்ட. பக்கத்துல ஒக்காந்து தலைய வெச்சுக்க. அது போதும்."

சௌந்திரத்தைவிட அவன் அதிகமாக அலறினான் என்று தீர்த்தகிரி பிற்பாடு ஸ்டாண்டு முழுவதும் சொன்னான். அதைச் சடையன் மறுக்கவில்லை.

சேலத்தில் அன்று மாலையே சபை அவசரமாகக் கூடியது. இரண்டு கூட்டத் தலைவர்களும் ஊரில் இல்லாததால் ஸ்டாண்டு சத்தமில்லாமல் கிடந்தது. தலைவர் அதற்குக் காரணம் கண்டுபிடித்தார். "கையில் கூடை இருந்தால் தொண்டன் அடிப்பதில்லை. எனவே தொண்டர் எல்லோருக்கும் சபையின் செலவில் கூடை வழங்குக. தரையில் வைக்கிறவன் வில்லை பறிக்கப்படும்." மறுநாளே புதுக் கூடைகள் வந்து இறங்கின. உள்ளே ஒன்றும் இல்லை. என்ன வைப்பது என்று சபையில் யாருக்கும் தோன்றவில்லை. இரண்டு நாள் வாலிபர்கள் காலிக் கூடையோடு சங்கடப்பட்டு நின்றார்கள். மூன்றாம் நாள் ஒருவன் இன்னொருவன் தலையில் தன் கூடையைக் கவிழ்த்தான். அதன்பின் தடி அடியைவிடக் கூடை அடி பலமாக நடந்தது. கூடைக்கு மூடி இல்லாததே குறை என்று செயலாளர் அபிப்பிராயப்பட்டார்.

பாதுகாப்பு வாரத்தின் கடைசி நாள். நிறைவுரை நிகழ்த்தத் தலைவர் மேடைப் படியில் காலை வைத்த நேரத்தில் மயில் வண்டி வந்து நின்றது. நாச்சிமுத்து இறங்கினார். தலையில் அதே கூடை. தங்கை வீட்டுப் பதில் சீர், அதிரசமும் முறுக்குமாக நிறைந்திருந்தது. முன்னமே ஊர் திரும்பி, கூடைச் சண்டையிலிருந்து ஒதுங்கி, இரண்டு காதிலும் வேப்பங்குச்சியும் மஞ்சளுமாகச் சடையன் ஓரமாக உட்கார்ந்திருந்தான். ஒரு பயல் அவனைக் கேலி செய்தான்: "என்னடா, புதுப் பொண்ணா நீ? எந்த ஊர் மாப்பிள்ளை?"

"எங்க மாமன் குத்துனாரு" என்றான் சடையன். "ஆறுற வரைக்கும் அடிதடி வேணாம்னு சொல்லியிருக்காரு. ஆறட்டும், உன்னைக் கவனிச்சுக்கறேன்."

"ஆறுனாலும் வேண்டாஞ் சாமி" என்றார் நாச்சிமுத்து, பின்னாலிருந்து.

தலைவர் கூடையை அடையாளம் கண்டுகொண்டார். இறங்கி வந்து அதைச் சுற்றிப் பார்த்தார். "எங்கள் கூடைகளும் இதே அளவுதான், இதே பிரம்புதான். ஆனால் வேலை செய்யவில்லை. இதை எந்தக் கடையில் வாங்கினீர்?"

"கடைக் கூடைதானுங்க. நல்ல வேளைக்கு வந்தீங்க, செத்த புடிங்க. பசங்களுக்குப் பலகாரம் எடுக்கோணும்" என்று நாச்சிமுத்து அதை அவர் கைகளில் வைத்துவிட்டார். "கீழ வெச்சராதீங்க."

நிறைவுரைக் காகிதம் தலைவரின் சட்டைப்பைக்குள் இருந்தது. எடுக்கக் கை இல்லை. அதிரச வாசம் கண்டு வாலிபர்கள் ஒவ்வொருவராக வந்தார்கள். சபைக் கூடைகளைப் போட்ட இடத்தில் போட்டுவிட்டுத் தலைவரின் கையிலிருந்த கூடையிலிருந்து எடுத்துத் தின்றார்கள். மாரியும் ஒன்று எடுத்துக்கொண்டான். தலைவருக்குக் காது மடலில் அரித்தது, பழைய துளை இருந்த இடத்தில். தொட்டுப் பார்க்கவும் கை இல்லை.

சடையன் வாய் நிறைய முறுக்கோடு அவர் காதைப் பார்த்தான். "உங்களுக்கு எந்த மாமங்க குத்துனாரு?"

தலைவர் வாயைத் திறந்தார். மகாஜனங்களே என்று வரவில்லை.

"பெரிய மாமன்" என்றார். "எருமாபாளையத்திலிருந்து நடந்தே வந்தாராம். நான் ரொம்ப அழுதேனாம்."

சபையின் நடவடிக்கைப் புத்தகத்தில் அந்தப் பேச்சு சேர்க்கப்படவில்லை.